இருபத்தைந்து எழுத்து

யூபிலி மலருக்குக் கட்டுரையொன்று தருகவென மலர்க்குழுவினர் பணித்தபோது, யாம் சங்க இலக்கியம் பற்றியே எழுதுவோமென அவர்கள் எதிர்பார்த்திருத்தல் கூடும். தமிழாசிரியர் கணினி பற்றி எழுதுதல் சிலர்க்கு நகையாகலாம். ஆயின் இன்று எம் வினாத்தாளும் புள்ளிப் பட்டியலும், ஏன் இம்மலருங்கூட, அதனுள்ளேயே உருப்பெறுகின்றன.

தமிழில் முதலெழுத்து 30. விண்டோஸ் மென்பொருளின் உரிமைக் குறியீட்டுக்கோ ஐந்தைந்தாய்ப் பிரித்த 25 எழுத்துக்கள். ஒன்று பிறழினும் கதவு திறவாது. கண் மயங்காதிருக்கவே பூச்சியத்தையும் ஆங்கில 'ஓ' எழுத்தையும் அதில் விலக்கியுள்ளனர். இலக்கணம் கற்பிப்போர் மெச்சத்தக்க ஏற்பாடுதான்!

நாவற்குடாவில் யாம் நன்கறிந்த அன்பர் ஒருவர், முதிய அண்ணாவியார் ஒருவர் சொல்லச் சொல்ல எழுதிய வடமோடிக் கூத்துப் பாடல்களைப் பல மாதம் உழைத்துக் கணினியில் ஏற்றி வைத்திருந்தார். மென்பொருளுக்குப் பணங் கொடுக்க மனமின்றி, பூட்டுடைக்கும் செயலியொன்றை இணையத்திலிருந்து இறக்கினார். நச்சுநிரற் காவலை நிறுத்துமாறு அது கேட்டது, நிறுத்தினார். அன்றிரவே கோப்புக்கள் யாவும் பூட்டுண்டன. 980 டொலர் தருக, 72 மணி நேரத்துள் தரின் 490 போதும் என்றொரு ஓலை மாத்திரம் எஞ்சியது. 'ஸ்டொப்' எனப்படும் இப்பணயத் தீநிரல், திருட்டு மென்பொருள் வழியாகவே பெரிதும் பரவியது. எம்சிசொப்ட் நிறுவனம் 2019 ஒக்டோபரில் மீட்புக் கருவியொன்றை இலவசமாக வெளியிட்டது. எனினும் அவ்வாண்டு ஓகஸ்டின் பின் தோன்றிய வகைகள் பலவற்றுக்கு அது உதவவில்லை. அன்பருக்கும் உதவவில்லை. பழைய அப்பியாசக் கொப்பியில் பாதிப் பாடல்கள் உள. மீதியைக் கேட்டெழுத அண்ணாவியார் இன்று இல்லை.

"ஐயா, மலிவாகக் குறியீடு மட்டும் விற்கிறார்களே, அதை வாங்கலாமா?" என மாணவர் வினவுவதுண்டு. அவற்றுட் பல, ஏதேனுமொரு நிறுவனத்துக்குத் தொகையாக வழங்கப்பட்டவை, அன்றேல் களவாடப்பட்டவை. இன்று திறக்கும், உரியவர் கண்டதும் முடங்கும். கணினி நிரல்களும் 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டத்தின் காப்புக்கு உட்பட்டவையே. ஆதலின் உற்பத்தியாளரிடமோ அவர் ஏற்ற விற்பனையாளரிடமோ வாங்குக, பற்றுச்சீட்டைப் பேணுக, குறியீட்டைப் படம்பிடித்து வாட்ஸப் குழுவில் இடாதிருக்க.

விலை கொடுக்க இயலாதார் திருட வேண்டுவதில்லை. 2010இல் தோன்றிய லிப்ரே ஒபிஸ் குறியீடு எதனையும் கேட்பதில்லை. தமிழ் ஒருங்குறி அதில் இடரின்றி அமையும். யாம் வினாத்தாள் ஆக்குவதும் அதனாலேயே.

பழைய மாணவர் சங்கத்தார் பாடசாலைக்குக் கணினி வழங்குங்கால், உரிமப் பத்திரத்தையும் உடனளித்து, குறியீட்டைப் பொருட்பதிவேட்டிற் பதிவித்தல் வேண்டும். அப்பதிவேட்டை அதிபர் அலுவலகத்துப் பூட்டிய அலுமாரியில் வைக்கலாம்.