முன்னால் நின்ற சொல்

ஆங்கிலத்தில் தைசிஸ் என்றொரு சொல் உண்டு. பி, எச், டி, எச் என்று நான்கு மெய்கள் வரிசைகட்டி நிற்கும். அதற்குப் பிறகுதான் ஓர் உயிரெழுத்து வரும். இன்று அதை யாரும் பேசுவதில்லை, எழுதுவதும் இல்லை. கண் மருத்துவர்கள் மட்டும் சுருங்கிப்போய்ப் பார்வை இழந்த கண்ணை ‘தைசிஸ் பல்பி’ என்று குறிப்பிடுகிறார்கள். மற்றபடி வழக்கொழிந்துபோன சொல். பியூசி படிக்கும்போது அதன் பொருளைத் தெரிந்துகொண்டேன். தெரிந்துகொண்டதாக நினைத்தேன். அந்த நினைப்பால் என் ஆயாவின் கடைசி வருடங்களைக் கெடுத்தேன்.

நாங்கள் கோலார் தங்கவயல்காரர்கள். வட ஆற்காட்டுப் பக்கமிருந்து பிழைக்க வந்து, மூங்கில் தட்டிக் குடிசையில் தொடங்கி, பிறகு லைன் வீட்டுக்கு வந்த குடும்பம். 1880-இல் ஜான் டெய்லர் அண்ட் சன்ஸ் என்ற சுரங்கக் கம்பெனி இங்கே கால்வைத்த நாளிலிருந்து பூமிக்கு மேலே ஆங்கிலம், பூமிக்குக் கீழே தமிழ் என்றுதான் ஊர் இருந்தது. வெள்ளைக்காரர்கள் போன பிறகும் ஆங்கிலத்தின் மதிப்பு மட்டும் இறங்கவில்லை. ஷாப்ட், கேஜ், ஷிப்ட், பிளாஸ்ட் என்று எழுதப் படிக்கத் தெரியாதவர்கள் வாயிலும் ஆங்கிலம் புழங்கும். ஆனால் நீளமான தாளைப் படித்துப் பொருள் சொல்லும் பையனுக்கு லைனில் தனி மரியாதை. மணியார்டர் பாரம், கோர்ட்டு நோட்டீஸ், ஆஸ்பத்திரிச் சீட்டு எல்லாம் அவனிடம்தான் வரும். எங்கள் லைனில் அந்தப் பையன் நான்.

எனக்கு வார்த்தைகள்மேல் வெறி. பேச்சுப் போட்டி, எழுத்துக்கூட்டும் போட்டி எல்லாவற்றிலும் நிற்பேன். ஆங்கிலத்தின் மிக நீளமான சொல் என்று ஒன்றை மனப்பாடம் செய்து வைத்திருந்தேன். நியூமோனோ-அல்ட்ராமைக்ராஸ்காபிக்-சிலிகோ-வால்கேனோ-கோனியாசிஸ். நாற்பத்தைந்து எழுத்து. மூச்சு விடாமல் சொல்லிக் கைதட்டு வாங்குவேன். பொருள் கேட்டால், மிக நுண்ணிய சிலிக்காத் தூசியைச் சுவாசிப்பதால் வரும் நுரையீரல் நோய் என்பேன். ஊரைச் சுற்றிச் சயனைட் மேடுகள் மலைபோல் நிற்கும். ஆடிக் காற்றில் அந்தச் சாம்பல்நிறத் தூசி பறந்துவந்து சோற்றுத் தட்டில் விழும். பக்கத்து வீட்டில், எதிர்வீட்டில், கீழே இறங்கி வேலை செய்த கிழவர்கள் திண்ணையில் உட்கார்ந்து மூச்சுக்குத் தவித்துக்கொண்டிருப்பார்கள். அவர்களுக்கும் என் நாற்பத்தைந்து எழுத்துக்கும் சம்பந்தம் இருக்கும் என்று ஒரு நாளும் தோன்றியதில்லை.

தாத்தாவை நான் பார்த்ததில்லை. சுரங்கத்தில் டிரில் மிசின் ஓட்டியவர். இரண்டாம் உலகப் போருக்கு முன்பே வேலையை விட்டு நின்று, சில வருடம் படுக்கையில் கிடந்து இறந்துபோனார். ஆயாதான் பார்த்துக்கொண்டாள். அவரைப் பற்றிக் கேட்டால் எப்போதும் ஒரே பதில்தான்: “கல்லுத்தூளு தின்னுட்ச்சிடா உங்க தாத்தாவ.” சொல்லும்போது கையை மார்பில் வைத்துக்கொள்வாள்.

லைன் வீடு சம்பந்தமாக ஏதோ ஆதாரம் வேண்டும் என்று அப்பா ஒருமுறை தகரப் பெட்டியைக் கவிழ்த்தார். அதில் தாத்தாவின் வேலைச் சீட்டோடு, ஒரு கம்பெனி டாக்டர் எழுதிக் கொடுத்த தாளும் இருந்தது. மடித்த இடமெல்லாம் கிழிந்திருந்தது. இன்னார் கீழே இறங்கி வேலை செய்யத் தகுதியற்றவர் என்று தட்டச்சு செய்து, காரணம் என்ற இடத்தில் மட்டும் பேனாவால் இரண்டு சொல் எழுதியிருந்தார்கள். ‘மைனர்ஸ் தைசிஸ்’. முதல் சொல் சின்னப் பிள்ளைக்கும் தெரியும்: சுரங்கத் தொழிலாளி. தாத்தாவின் வேலையைத்தான் குறிக்கிறது என்று தாண்டிப் போனேன். இரண்டாவது சொல்தான் என்னைப் பிடித்து நிறுத்தியது. அப்படி ஓர் எழுத்துக்கூட்டலை அதுவரை பார்த்ததே இல்லை. கல்லூரி நூலகத்துக்குப் போய் ஆங்கில அகராதியைப் புரட்டினேன். பழைய சொல் என்று குறிப்பிட்டு, நுரையீரல் காசநோய் என்று போட்டிருந்தது. புதையலைக் கண்டெடுத்த சந்தோஷத்தோடு வீட்டுக்கு ஓடிவந்தேன்.

“ஆயா, தாத்தாவுக்கு வந்தது டி.பி.”

ஆயா கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். தலையைத் தூக்கிப் பார்த்தாள். “டி.பி. இல்லடா கண்ணு. கல்லுத்தூளு. அந்த மிசினு ஓட்னவங்க அல்லாருக்கும் அப்டித்தான் வந்துச்சி.”

“இல்ல ஆயா, டாக்டரே எழுதியிருக்காரு. இங்கிலீஷ்ல தெளிவா இருக்கு. புக்கு பாத்துட்டுத்தான் சொல்றேன்.”

அவள் மறுபேச்சுப் பேசவில்லை. டாக்டர், இங்கிலீஷ், புத்தகம் என்று மூன்றையும் அடுக்கிவிட்டேன். எழுதப் படிக்கத் தெரியாத ஒருத்தியால் அதற்குமேல் என்ன சொல்ல முடியும்? கீரையை ஆய்ந்து முடித்து எழுந்து போனாள்.

அதன் பிறகு நடந்தவற்றை நான் தனித்தனியாகத்தான் பார்த்தேன். ஆயா தனக்கென்று ஒரு டம்ளரை ஒதுக்கிக்கொண்டாள். வயதாகிவிட்டது, பிடிவாதம் என்று அம்மா சொன்னாள். படுக்கையை நடையோரம் போட்டுக்கொண்டாள். உள்ளே புழுக்கமாக இருக்கிறது என்றாள். இருமல் வந்தால் எழுந்து வெளியே போய்விடுவாள்.

பிறகு அக்காவுக்குக் குழந்தை பிறந்தது. எங்கள் லைனில் எந்த வீட்டில் குழந்தை பிறந்தாலும் குளிப்பாட்ட ஆயாவைத்தான் கூப்பிடுவார்கள். மணையில் உட்கார்ந்து காலை நீட்டி, குழந்தையைக் காலின்மேல் குப்புறப் போட்டு, எண்ணெய் தேய்த்து நீவுவாள். அண்டாவில் விளாவி வைத்த வெந்நீரைச் சொம்பால் மொண்டு, தன் புறங்கையில் ஒரு தரம் விட்டுப் பார்த்து, அப்புறம்தான் குழந்தை முதுகில் ஊற்றுவாள். தண்ணீர் முகத்தில் இறங்காமல் நெற்றியில் கையை அணைபோல் வைத்துக்கொள்வாள். கடைசியில் குழந்தையை நிமிர்த்தி, மூக்கிலும் காதிலும் தண்ணீர் நிற்காதபடி வாயால் ஊதுவாள். அந்த ஊதலுக்குக் குழந்தைகள் மூச்சடைத்தாற்போல் முழித்து, பிறகு சிரிக்கும். அத்தனை பேர் குழந்தைகளையும் குளிப்பாட்டியவள், தன் பேத்தி பெற்ற பிள்ளையைத் தொட மறுத்துவிட்டாள். கால் வலிக்கிறது, வேறு யாரையாவது கூப்பிடு என்றாள். அக்கா கோபித்துக்கொண்டாள். முதல் பிள்ளை பெண்ணாகப் போனதால் ஆயாவுக்கு மனக்குறை என்று எடுத்துக்கொண்டாள். அந்த வருத்தம் தீருவதற்குள் ஆயா இறந்துபோனாள்.

நான் பெங்களூருக்கு வேலைக்குப் போனேன். மாரிக்குப்பம் ரயிலில் விடியற்காலையில் ஏறி இருட்டிய பிறகு திரும்பும் கூட்டத்தில் ஒருவனாக இருந்து, பிறகு அங்கேயே தங்கிவிட்டேன். ஆங்கிலத்திலிருந்து தமிழாக்கம் செய்வது தொழிலானது. சுரங்கமும் 2001 பிப்ரவரியில் மூடப்பட்டது. அதற்கும் சில காலம் கழித்துத்தான், தொழிலாளர் இழப்பீட்டுச் சட்டங்களின் வரலாறு பற்றிய கட்டுரை ஒன்று மொழிபெயர்ப்புக்கு வந்தது. தென்னாப்பிரிக்கத் தங்கச் சுரங்கங்களைப் பற்றிய பகுதியில் ஒரு சட்டத்தின் பெயர் வந்தது. 1912-ஆம் ஆண்டின் மைனர்ஸ் தைசிஸ் சட்டம்.

பேனாவை வைத்துவிட்டேன். அதே இரண்டு சொல். தகரப் பெட்டியில் பேனா மையில் பார்த்த அதே வரிசை. கீழே விளக்கம் இருந்தது. பாறையைத் துளைக்கும்போது பறக்கும் தூசியால் சுரங்கத் தொழிலாளிக்கு வரும் நுரையீரல் நோயின் அன்றைய பெயர் அது. இன்றைய பெயர் சிலிகோசிஸ். ஒரு தரம் படித்தேன். திரும்பவும் முதல் சொல்லிலிருந்து படித்தேன். மைனர்ஸ். எளிய சொல் என்று தாண்டிப் போனேனே, பொருள் முழுக்க அதில்தான் இருந்தது. அது தாத்தாவின் வேலையைக் குறித்த சொல் அல்ல; நோய் எங்கிருந்து வந்தது என்று சொல்லும் சொல். கல்லுத்தூளு என்று ஆயா சொன்னதைத்தான் அந்த டாக்டரும் எழுதியிருக்கிறார். இரண்டு பேரும் ஒன்றையே சொல்லியிருக்க, நடுவில் புகுந்து நான் மாற்றிச் சொல்லியிருக்கிறேன்.

அன்று வேலை ஓடவில்லை. டம்ளர், நடையோரப் படுக்கை, குளிப்பாட்ட மறுத்தது எல்லாம் ஒன்றன்பின் ஒன்றாகக் கோத்துக்கொண்டு வந்தன. ஆயாவுக்குக் கால் வலி இல்லை. பிள்ளையின் மூக்கில் ஊத வேண்டியிருக்குமே, அதற்குப் பயந்திருக்கிறாள். டி.பி.க்காரனோடு வருடக்கணக்கில் மூச்சோடு மூச்சாக இருந்தவள், தன் மூச்சு யார்மேலும் படக்கூடாது என்று ஒதுங்கியிருக்கிறாள். தாத்தா போய் நாற்பது வருடம் ஆகியும் அவளுக்கோ பிள்ளைகளுக்கோ ஒன்றும் வரவில்லை. அதை அவளுக்கு எடுத்துச் சொல்ல எனக்குத் தோன்றவில்லை. அகராதியைப் பார்த்த கண்ணால் வீட்டைப் பார்க்கவில்லை.

பிறகு கிடைத்ததையெல்லாம் தேடிப் படித்தேன். தைசிஸ் கிரேக்கச் சொல். தேய்ந்து போவது என்று பொருள். வடமொழி க்ஷயமும் அதே வேரில் பிறந்தது என்கிறார்கள் மொழியறிஞர்கள். தமிழில் எலும்புருக்கி என்றோம். காரணம் தெரியாத காலத்தில், உடம்பு கண்முன்னே தேய்வதை வைத்து ஆளுக்கொரு மொழியில் பெயர் வைத்திருக்கிறார்கள். 1882-இல் ராபர்ட் காக் காசநோய்க் கிருமியைக் கண்டுபிடித்த பிறகு அந்த நோய்க்குத் தனிப்பெயர் நிலைத்தது. தைசிஸ் மெல்ல ஒதுங்கியது. சுரங்கங்களில் மட்டும், தொழிலாளியின் பெயரை முன்னால் ஒட்டிக்கொண்டு இன்னும் சில காலம் வாழ்ந்தது.

நோய் அதைவிடப் பழையது. 1556-இல் வெளியான அக்ரிகோலாவின் சுரங்க நூல், கார்பேத்திய மலைச் சுரங்கப் பகுதிகளில் ஏழு கணவர்களை இப்படிப் பறிகொடுத்த பெண்கள் உண்டு என்கிறது. எங்கள் ஊர்த் தங்கம் வெள்ளைக் குவார்ட்ஸ் பாறையில் இழையோடிக் கிடப்பது. குவார்ட்ஸ் என்பதே சிலிக்காதான். துளைபோடும்போது கிளம்பும் தூசியில் கண்ணுக்குத் தெரியாத துகள்கள்தான் மூச்சுப்பையின் அடிவரை போகும். உடம்பின் காவல் அணுக்கள் அவற்றை விழுங்கி, கரைக்க முடியாமல் தாங்களே சாகும். அந்த இடம் தழும்பாகும். தழும்பு சேரச் சேர நுரையீரல் விரியாது. வேலையை விட்டு நின்ற பிறகும் அது வளரும். குணமாக்கும் மருந்து இன்றுவரை இல்லை. ஒருவரிடமிருந்து ஒருவருக்கு ஒட்டவும் ஒட்டாது. 1940-களில் தங்கவயல் தொழிலாளர்கள் 7,653 பேரைப் பரிசோதித்தபோது நூற்றுக்கு நாற்பது பேருக்கும் மேல் சிலிகோசிஸ் இருந்தது. திண்ணையில் உட்கார்ந்திருந்த கிழவர்களை நினைத்துக்கொண்டேன்.

இன்னொன்றும் தெரிந்தது. சிலிக்கா படிந்த நுரையீரலில் காசநோய் எளிதில் குடியேறும். தாத்தாவுக்குக் கடைசியில் அதுவும் சேர்ந்திருந்ததா என்று அந்தத் தாளை வைத்துச் சொல்ல முடியாது. ஆனால் முதலில் உள்ளே போனது கல்லுத்தூளு. ஆயா சொன்னது சரி.

அக்காவிடம் சொல்லப் போனேன். அவள் பெண் அப்போது கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தாள். முழுதும் கேட்டுவிட்டு அக்கா வெகுநேரம் பேசவில்லை. “பொண்ணு பொறந்துச்சின்னுதான் ஆயா தொடலன்னு இத்தன வருஷமா நெனச்சிட்டிருந்தேன்டா” என்றாள். என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். பக்கத்தில் இருந்த அத்தைதான் கடைசியில் சொன்னாள்: “அம்மாவுக்கு நல்லாத் தெரியும். எங்க எல்லாருக்கும் கல்லுத்தூளுன்னுதான் சொல்லி வளத்துச்சி. படிச்ச புள்ள நீ சொன்னதாலதான் அதுக்கு சந்தேகம் வந்துச்சி.”

இப்போதும் தங்கவயலிலிருந்து பழைய தாள்களைத் தூக்கிக்கொண்டு ஆட்கள் வருகிறார்கள். வேலைச் சீட்டு, ஆஸ்பத்திரிச் சீட்டு, கம்பெனிக் கடிதம். இங்கிலீஷில் என்ன போட்டிருக்கிறது பாருங்கள் என்று நீட்டுவார்கள். வாங்கி மேசைமேல் வைத்துவிட்டு, இதைப் பற்றி உங்கள் வீட்டில் என்ன சொல்லுவார்கள் என்று கேட்கிறேன். சிலர் கூச்சப்பட்டு, அது சும்மா கிழவிகள் பேசுவது சார் என்பார்கள். பரவாயில்லை, அதையே முதலில் சொல்லுங்கள் என்பேன். அவர்கள் சொல்லி முடித்த பிறகு தாளைப் பிரித்து, தெரிந்த சொற்களிலிருந்து படிக்கத் தொடங்குகிறேன்.