அதிர்வும் அளவுகோலும்

ஓசூர், 2025 பிப்ரவரி 23, ஞாயிறு

சிப்காட் தொழிற்பேட்டையில் ஷிப்ட் வேலை பார்க்கும் அண்டை வீட்டு இளைஞர் இன்று மாலை வந்து, தம் மனத்தில் நெடுநாளாக வளர்ந்துவரும் ஒரு சித்தாந்தத்தை விவரித்தார். நம் பிரபஞ்சத்துக்கு அருகிலேயே வேறு பிரபஞ்சங்கள் இருக்கின்றன. ஒவ்வொன்றுக்கும் ஆதாரமான அதிர்வு ஒன்று உண்டு. இரண்டின் அதிர்வுகளும் எந்தக் கணத்தில் ஒத்துப்போகின்றனவோ அந்தக் கணத்தில் இரண்டுக்கும் இடையே வழி திறக்கும் என்பது அவர் கொள்கை. “நடக்கக்கூடியதுதானே, சார்?” என்றார்.

அதை வெறும் கற்பனை என்று ஒதுக்க எனக்கு மனம் வரவில்லை. ஐந்தாவது பரிமாணம் ஒன்று உண்டென்று கொண்டால் ஈர்ப்பையும் மின்காந்தத்தையும் ஒரே சூத்திரத்தில் அடக்கலாம் என்று 1921இல் காலுசா என்னும் அறிஞர் எழுதினார். அப்பரிமாணம் சூட்சுமமாகச் சுருண்டிருக்கலாம் என்று 1926இல் கிளைன் என்னும் இயற்பியலாளர் சொன்னார். அடிப்படைத் துகள்கள் யாவும் நுண்ணிழைகளின் அதிர்வுகளே என்னும் இழைக் கோட்பாடு பின்னர் எழுந்தது. நம் உலகம் உயர்பரிமாண வெளியில் ஒரு சவ்வுபோல் இருக்கலாம், அதற்கு இணையாக இன்னொரு சவ்வும் இருக்கலாம் என்று 1999இல் இயற்பியலாளர்கள் லிசா ராண்டாலும் ராமன் சுந்தரமும் கணிதத்தால் காட்டினார்கள். இளைஞரின் கனவுக்குப் பெரிய இடத்து உறவினர் உண்டு.

பிப்ரவரி 24, திங்கள்

அதிர்வைப் பற்றிப் பேச ஓசூருக்கு உரிமை உண்டு. இங்கே டைட்டன் தொழிற்சாலையினால் பெயர்பெற்ற குவார்ட்ஸ் கடிகாரத்தினுள்ளே ஒரு சிறு படிகம் விநாடிக்கு 32,768 தடவை அதிர்கிறது. அதைப் பதினைந்து முறை பாதிபாதியாகக் குறைத்தால் விநாடிக்கு ஒரு துடிப்பு எஞ்சும். எண்ணத்தக்கதாக இருப்பதனாலேயே அவ்வதிர்வை நம்பி நாம் ஷிப்டுக்குப் புறப்படுகிறோம்.

இளைஞரின் சித்தாந்தத்திலும் இவ்வாறு அளக்கத்தக்க ஒன்றையே தேடினேன். ஒரு வீணையின் தந்தியை மீட்ட அருகிலுள்ள மற்றொரு வீணையின் தந்தி தானே சிலிர்க்கிறதென்றால், சுருதி ஒத்திருப்பது மட்டும் அதற்குக் காரணமன்று. இடையிலே காற்று இருந்து அதிர்வைக் கொண்டுசெல்வதும் காரணம். இரண்டு பிரபஞ்சங்களுக்கு நடுவே தூது செல்வது எது? சவ்வுக் கோட்பாட்டார் அதற்கு விடை சொல்லியிருக்கிறார்கள்: ஒளி நம் சவ்வை விட்டு அகலாது, ஈர்ப்பு மட்டுமே அப்பால் செல்லும். அப்படியானால் தொலைவிலிருந்து வரும் ஈர்ப்பலை, வழியில் ஒரு பங்கை இழந்து, கணக்குக்குக் குறைந்த வலுவோடு நம்மை வந்தடைய வேண்டும். 2017 ஆகஸ்ட் 17 அன்று, ஏறத்தாழ 13 கோடி ஒளியாண்டுத் தொலைவில் இரண்டு நியூட்ரான் விண்மீன்கள் மோதியபோது, ஈர்ப்பலையும் ஒளியும் ஒருங்கே வந்து சேர்ந்தன. அலையின் வலுவைக் கொண்டு கணித்த தூரமும் ஒளியைக் கொண்டு அறிந்த தூரமும் அளவையின் பிழைவரம்புக்குள் ஒத்திருந்தமையால், அவ்விதம் பெரிய அளவில் கசிவு நிகழவில்லை என்பது தெளிந்தது.

பிப்ரவரி 26, புதன், மகா சிவராத்திரி

கோட்பாடுகள் அளந்து பார்க்கப்பட்ட ஓரிடத்தைக் காட்ட இளைஞரை அழைத்துக்கொண்டு பாகலூர், மாலூர், பங்காரப்பேட்டை வழியாகக் கோலார் தங்கவயலுக்குச் சென்றேன். கம்மசந்திரத்துக் கோடிலிங்கேஸ்வரர் கோயிலை நோக்கி ஜனங்கள் திரள்திரளாகப் போய்க்கொண்டிருந்தார்கள். நாங்கள், தங்கம் பிரித்தபின் எஞ்சிய சயனைடு மண்மேடுகளைப் பார்த்தவண்ணம் நின்றோம்.

வட ஆற்காடு முதலிய தமிழ் மாவட்டங்களிலிருந்து சென்ற தொழிலாளிகள் தலைமுறை தலைமுறையாக இறங்கி வெட்டிய அந்த ஆழத்தில், 1950களிலிருந்து டாடா அடிப்படை ஆராய்ச்சிக் கழகத்தார் தங்கத்தைவிட அரிதான ஒன்றைத் தேடினார்கள். வானிலிருந்து பொழியும் மியூவான் துகள்கள் மேலுள்ள பாறையில் வடிகட்டப்பட்டுக் குறைந்துகொண்டே வந்து, மிக ஆழமான ஓரிடத்தில் இரண்டு மாத காலம் ஒன்றுகூடப் பதிவாகவில்லை. எல்லாத் துகளும் நின்றுவிடும் இடத்தில் எதனாலும் எளிதில் தடைபடாத நியூட்ரினோவைப் பிடிக்கலாம் என்பதை அந்தச் சூனியமே உணர்த்தியது. 1965இல், சுமார் 2.3 கிலோமீட்டர் ஆழத்தில், ஒசாகா, டர்ஹாம் பல்கலைக்கழகத்தாருடன் கூடி அவர்கள் வளிமண்டல நியூட்ரினோவின் தடத்தைக் கண்டார்கள். அதே ஆண்டில் தென்னாப்பிரிக்கத் தங்கச் சுரங்கம் ஒன்றிலும் அது காணப்பட்டது.

அங்கே சோதிக்கப்பட்ட ஒரு சித்தாந்தம் பின்னர் தோற்றதையும் இளைஞருக்குச் சொன்னேன். இயற்கையின் விசைகளை ஒன்றாக்கும் அழகிய கோட்பாடொன்று, புரோட்டானும் ஒருநாள் சிதையும், இன்ன காலத்துக்குள் சிதையும் என்று துணிந்து கூறியது. அதைச் சோதிக்க 1980 முதல் சுமார் 140 டன் இரும்பை அடுக்கிக் காத்திருந்தார்கள். சிதைவோ என்று ஐயுறத்தக்க சில தடங்கள் கிடைத்தன. ஆயினும் ஜப்பான் முதலிய இடங்களில் அதனினும் பெரிய உபகரணங்கள் அவற்றை உறுதிசெய்யவில்லை. அக்கோட்பாட்டின் எளிய வடிவத்தை விஞ்ஞானிகள் கைவிட்டார்கள். தோற்கக்கூடிய விதத்தில் தன்னைச் சொல்லிக்கொண்டமையால், தோற்றும் அது விஞ்ஞானமாகவே நிற்கிறது.

பிப்ரவரி 28, வெள்ளி

இன்று தேசிய அறிவியல் தினம். 1928இல் இதே தேதியில் ராமன் விளைவு கண்டறியப்பட்டது. 2001இல் கோலார் சுரங்கம் மூடப்பட்டதும் இதே தேதியில்தான்.

இளைஞர் தம் சித்தாந்தத்தை ஒரு தாளில் எழுதிக் கொண்டுவந்தார். அதன் கீழே, “இதைப் பொய்யென்று காட்டக்கூடிய சோதனை எது?” என்று எழுதி, விடைக்கு இடம் விட்டிருந்தார். எனக்கு மிகுந்த ஆனந்தம் உண்டாயிற்று. அந்தக் கேள்விக்கு விடை எழுதப்படும்வரை அது கதையே. எழுதப்பட்ட நாள் முதல் கோட்பாடு. கதையாயிருப்பதில் இழிவொன்றும் இல்லை. கதையைக் கோட்பாடென்று விற்பதுதான் இழிவு.

ஓசூர், கிருஷ்ணகிரிப் பள்ளி ஆசிரியர்களுக்கு என் வேண்டுகோள் ஒன்று உண்டு. இணைப் பிரபஞ்சத்தைப் பற்றிக் கேட்கும் பிள்ளையை அதட்டி உட்காரவைக்காதீர்கள். மாநில எல்லைக்கு அப்பால், நம்மவர் வெட்டிய சுரங்கத்தில், ஒரு கோட்பாடு மெய்யாகி, அங்கே சோதிக்கப்பட்ட இன்னொன்று பின்னர் வீழ்ந்த வரலாற்றை அந்தப் பிள்ளைக்குச் சொல்லி, “உன் எண்ணத்தை எப்படி அளப்பாய்?” என்று கேளுங்கள்.