செவ்வாய்க்கிழமை மோட்டார்சைக்கிள்

நாங்கள் மூன்று பேரும் பொய் சொல்லப் பழகியது செவ்வாய்க்கிழமைகளில்தான். காலை எட்டரைக்கும் ஒன்பதுக்கும் இடையில் ஒழுங்கைக்குள் ஒரு மோட்டார்சைக்கிள் சத்தம் கேட்கும். அம்மா குசினிப் பக்கத்தால் இறங்கி வேலிக்குள்ளால் பின்வளவுக்குப் போய்விடுவா. நாங்கள் விறாந்தையில் நிற்போம்.

"அம்மா எங்க?"

"வயலுக்குப் போட்டா."

"எப்ப வருவா?"

"தெரியாது சேர்."

அவருக்கும் அது பொய் என்று தெரியும். அவர் கோபப்படவும் மாட்டார். விறாந்தைக் கட்டில் இருந்து கைத்தொலைபேசியைப் பார்த்துக்கொண்டிருப்பார். கொஞ்ச நேரத்தில் முன்வீட்டு மாமி வருவா, பின்னால் இன்னும் இரண்டு பேர் வருவார்கள். குழுவில் ஐந்து பேர். ஒருவர் கட்டாவிட்டால் மற்ற நாலு பேரும் அந்த இடத்தை விட்டுப் போகேலாது. அம்மா பின்வளவில் ஒளிந்திருந்தது கடன்காரருக்காக இல்லை, மாமியின் முகத்தைப் பார்க்கேலாமல்தான் என்பது எங்களுக்குப் பிறகுதான் விளங்கியது.

கடன் எப்படித் தொடங்கியது என்பதில் பெரிய கதை எதுவும் இல்லை. 2010இல் முகாமிலிருந்து திரும்பி வந்தோம். பிறகு இந்திய வீட்டுத்திட்டத்தில் எங்களுக்கும் வீடு கிடைத்தது. ஐந்தரை இலட்சம் ரூபா, கட்டம் கட்டமாக. சீமெந்து விலையும் மேசன் கூலியும் ஏறிக்கொண்டு போக, கூரை போட்டதோடு காசு முடிந்துவிட்டது. கதவு இல்லை, யன்னல் இல்லை. பொம்பிளைப் பிள்ளைகள் இருக்கிற வீட்டுக்குக் கதவு வேணும் என்று அம்மம்மா சொல்லிக்கொண்டே இருந்தா. அந்த நேரம்தான் சந்தியில் ஒவ்வொரு நிதிக் கம்பனியாகக் கிளை திறந்தது. அடகு வைக்க நகை வேண்டாம், காணி உறுதி வேண்டாம், ஐந்து பெண்கள் சேர்ந்து வந்தால் போதும் என்றார்கள். அம்மா படிவத்தில் "கோழி வளர்ப்பு" என்று எழுதிக் கையெழுத்து வைத்தா. அந்தக் கோழிகள்தான் இப்போதும் எங்கள் வீட்டில் கதவும் யன்னலுமாக நிற்கின்றன.

முதல் கடனைக் கட்ட இரண்டாவது, இரண்டாவதைக் கட்ட மூன்றாவது. ஒரு காலத்தில் நாலு இடத்துக்குக் கட்டினா. செவ்வாய் ஒன்று, புதன் ஒன்று, வெள்ளி இரண்டு. அம்மாவின் தோடு அடகுக்குப் போய், மீட்கேலாமல் ஏலத்தில் போனது.

போன விடுமுறையில் வீட்டைத் துப்புரவாக்கும்போது, அலுமாரிக்கு மேல் இருந்த பிஸ்கட் ரின்னுக்குள் அந்தக் கடன் அட்டைகளைக் கண்டோம். எங்களில் ஒருத்தி இப்போது கலைப்பீடத்தில் அரசறிவியல் படிக்கிறா. கணக்கு என்றால் ஓடுகிற ஆள். ஆனாலும் மூன்று பேரும் நிலத்தில் இருந்து கணக்குப் பார்த்தோம்.

ஒரு அட்டையில் இப்படி இருந்தது: கடன் 50,000 ரூபா, வட்டி 24 வீதம், 50 கிழமை, கிழமைக்கு 1,240 ரூபா. பெருக்கினால் 62,000. வட்டி 12,000. ஐம்பதாயிரத்துக்குப் பன்னிரண்டாயிரம், 24 வீதம் சரிதானே என்றுதான் முதலில் நினைத்தோம்.

சரி இல்லை. அம்மாவின் கையில் அந்த ஐம்பதாயிரமும் வருடம் முழுக்க இருக்கவில்லை. கிழமைக்குக் கிழமை முதலில் ஆயிரம் ஆயிரமாகத் திரும்பிப் போனது. முதல் கிழமை ஐம்பதாயிரம் கடன், கடைசிக் கிழமை வெறும் ஆயிரம். சராசரியாகப் பார்த்தால் அம்மா கடன்பட்டிருந்தது 25,500 ரூபா மட்டும். அதற்கு வட்டி 12,000 என்றால், மொட்டைக் கணக்கிலேயே 47 வீதம் வருகிறது. கிழமைக் கிழமை வட்டி கூடுவதையும் சேர்த்து முறையாகக் கணக்கிட்டால் வருடத்துக்கு 55 வீதத்தைத் தாண்டும். கடன் தரும்போதே பிடித்த ஆவணக் கட்டணமும் காப்புறுதியும் இதற்குள் இல்லை. அட்டையில் எழுதியிருந்த 24 பொய் என்றும் சொல்லேலாது. திருப்பிக் கட்டிய காசுக்கும் சேர்த்து வட்டி எடுக்கிற கணக்கு அது.

பக்கத்தில் இருந்து பார்த்துக்கொண்டிருந்த அம்மா கேட்டா: "அப்ப இதை ஒருத்தரும் பாக்கேல்லையோ?"

இந்தக் கேள்வியோடுதான் நாங்கள் சட்டங்களைத் தேடத் தொடங்கினோம். பார்த்தவர்கள் இருந்தார்கள். ஆனால் அவர்கள் பார்த்தது வேறு ஒன்றை.

எங்கள் நாட்டில் மத்திய வங்கியின் அனுமதிப்பத்திரம் யாருக்கு வேணும்? பொதுமக்களிடம் வைப்புப் பணம் வாங்குபவருக்கு. வைப்பு வாங்காமல் கடன் மட்டும் கொடுப்பவர் அந்தக் கதவைத் தட்டத் தேவையில்லை. 2016ஆம் ஆண்டின் 6ஆம் இலக்க நுண்நிதியளிப்புச் சட்டம் வந்தபோது எல்லாம் மாறும் என்று பலர் எதிர்பார்த்தார்கள். அதன் கீழ் அனுமதி பெற்ற கம்பனிகளை ஒரு கை விரலுக்குள் எண்ணி முடிக்கலாம். நாங்கள் மத்திய வங்கியின் பட்டியலை எடுத்து அம்மாவின் நாலு அட்டைகளோடும் ஒப்பிட்டுப் பார்த்தோம். சிலதின் பெயர் இருந்தது, சிலதின் பெயர் இல்லை. ஆனால் வீட்டுக்கு வந்த மோட்டார்சைக்கிள்கள் எல்லாம் ஒரே மாதிரித்தான் இருந்தன. எது சட்டத்துக்கு உள்ளே, எது வெளியே என்று விறாந்தையில் நின்ற எங்களுக்கு எப்படித் தெரியும்?

இதற்கு ஒரு காரணம் இருக்கிறது. வங்கி மேற்பார்வை என்பது வைப்பாளரின் பயத்திலிருந்து பிறந்தது. கம்பனி விழுந்தால் காசு போட்ட சனம் தெருவுக்கு வரும். அது நியாயமான பயம்தான். 2020இல் ஒரு பெரிய நிதிக் கம்பனியின் அனுமதி இரத்தானபோது அதைப் பார்த்தோம். அதனால்தான் வைப்புக் காப்புறுதி இருக்கிறது. இப்போது ஒரு நிறுவனத்தில் ஒரு வைப்பாளருக்குப் பதினொரு இலட்சம் ரூபா வரை. ஆனால் அந்தப் பயத்தோடு பார்க்கும் கண்ணுக்கு முக்கியமான கேள்வி ஒன்றுதான்: கொடுத்த கடன் திரும்பி வருகிறதா?

எங்கட அம்மாவின் கடன் திரும்பி வந்தது. தோடு போனது, மதியச் சாப்பாடு ஒரு நேரமாகியது, மாமியிடம் கைமாற்று, இன்னொரு கம்பனியிடம் இன்னொரு கடன். எப்படியோ ஒவ்வொரு செவ்வாயும் 1,240 ரூபா போய்ச் சேர்ந்தது. கொழும்பில் யாராவது ஒரு மேசையில் அந்தக் கணக்கைப் பார்த்திருந்தால், நன்றாக அறவிடப்படுகிற ஆரோக்கியமான கடன் என்றுதான் தெரிந்திருக்கும். ஐந்து பேரின் வெட்கத்தைப் பிணையாக வைத்தால் கடன் திரும்பி வரும். அந்த வெட்கத்துக்குக் கணக்கேட்டில் நிரல் இல்லை.

2018இல் நிதி அமைச்சு ஒரு நிவாரணம் அறிவித்தது. வரட்சியால் பாதிக்கப்பட்ட 12 மாவட்டங்களில், ஒரு இலட்சம் ரூபாவுக்கு உட்பட்ட நுண்கடனை மூன்று மாதத்துக்கு மேல் கட்டத் தவறிய பெண்களின் கடனை அரசு பொறுப்பெடுத்தது. வடக்கின் ஐந்து மாவட்டங்களும் அதில் இருந்தன. அம்மாவுக்குக் கிடைக்கவில்லை. ஏனென்றால் அம்மா கட்டத் தவறவில்லை. நாலாவது கடனை எடுத்து மூன்றாவதைக் கட்டியிருந்தா. "நான் நேர்மையா இருந்தது பிழையாப் போச்சு" என்று அவ சிரித்துக்கொண்டு சொன்னது எங்களுக்கு இன்னும் நினைவிருக்கிறது. நாங்கள் சிரிக்கவில்லை.

அதே வருடம் டிசம்பரில் நுண்கடன் வட்டிக்கு 35 வீதம் என்று உச்ச வரம்பு வந்தது. எல்லாக் கட்டணங்களையும் சேர்த்து, வருடாந்தப் பயனுறு வீதமாகக் கணக்கிட வேணும் என்று. அந்த அளவுகோலில் வைத்தால் அம்மாவின் 24 வீத அட்டை வரம்பை எப்போதோ தாண்டிவிட்டது. 2023இல் நிதியியல் நுகர்வோர் பாதுகாப்பு ஒழுங்குவிதிகள் வந்தன. விளங்குகிற மொழியில் விபரம் தர வேணும், அறவிடும்போது தொந்தரவு செய்யக்கூடாது, முறைப்பாட்டை ஏற்று விசாரிக்க வேணும் என்றெல்லாம் இருக்கிறது. முதலில் நிறுவனத்திடம் எழுத்தில் முறைப்பாடு கொடுக்கலாம். தீராவிட்டால் மத்திய வங்கியின் நிதியியல் நுகர்வோர் உறவுகள் திணைக்களத்துக்குப் போகலாம், இலக்கம் 1935. இவை எல்லாம் நல்ல விடயங்கள். ஆனால் மத்திய வங்கியின் கைக்குள் இருக்கிற நிறுவனங்களுக்குத்தான் இவை பொருந்தும்.

நாங்கள் உற்சாகமாக அம்மாவிடம் சொன்னோம். "அம்மா, இப்படி ஒரு சட்டம் அப்ப இருந்திருந்தா நீங்கள் முறைப்பாடு குடுத்திருக்கலாம்."

அம்மா அரிசி புடைத்துக்கொண்டிருந்தா. நிமிரவில்லை.

"நான் குடுத்திருந்தா முன்வீட்டு அக்கான்ர அடுத்த லோனை நிப்பாட்டியிருப்பாங்கள். அவவின்ர மகளின்ர சாமத்தியவீட்டுக்கு அவ அதைத்தான் நம்பி இருந்தவ. உங்களுக்குச் சட்டம் தெரியும் பிள்ளையள். எனக்கு இந்த அஞ்சு பேரையும் தெரியும்."

அதற்கு எங்களிடம் பதில் இருக்கவில்லை. இவ்வளவு வாசித்தும் எங்களுக்குப் பிடிபடாத இடம் அதுதான். சட்டம் "நுகர்வோர்" என்று ஒரு தனி ஆளைப் பார்க்கிறது. அந்த ஆள் ஒப்பந்தத்தை வாசிப்பார், வீதங்களை ஒப்பிடுவார், பிழை என்றால் எழுதுவார். ஆனால் குழுக்கடனில் தனி ஆள் என்று ஒருவர் இல்லை. கடன் கொடுத்தவர்களுக்கு அது நன்றாகத் தெரியும். சட்டம் எழுதியவர்களுக்கு அது இன்னும் தெரியவில்லை.

2021 மார்ச் 8ஆம் திகதி, பெண்கள் தினத்தன்று, பொலன்னறுவை ஹிங்குராக்கொடையில் நுண்கடனால் பாதிக்கப்பட்ட பெண்கள் சத்தியாக்கிரகம் தொடங்கினார்கள். ஒரு நாள் இரு நாள் இல்லை, கிழமைக் கணக்கில் இருந்தார்கள். எங்களுக்குத் தெரியாத மொழியில், எங்களுக்கு நன்றாகத் தெரிந்த செவ்வாய்க்கிழமைகளைப் பற்றிப் பேசினார்கள். ஒருத்தியை மற்றவளுக்குக் காவல் வைத்த அதே கூட்டம், அங்கே ஒருத்திக்கு மற்றவள் துணையாக நின்றது. முறைப்பாட்டுப் படிவத்தில் ஒரு பெயருக்குப் பதிலாக ஐந்து பெயர் எழுத இடம் இருந்தால், குழுவாக முறையிடும் பெண்களுக்கு அடுத்த கடனை மறுக்கக்கூடாது என்று ஒரு வரி இருந்தால், வைப்பு வாங்கினாலும் வாங்காவிட்டாலும் கடன் கொடுக்கிற எல்லாருக்கும் ஒரே சட்டம் இருந்தால், அம்மா வேலிக்குள்ளால் போயிருக்க மாட்டா என்று நாங்கள் நினைக்கிறோம்.

கம்பஸ் திரும்புவதற்கு இரண்டு நாளைக்கு முன்னம் முன்வீட்டு மாமியின் மகள் வந்தா. சாமத்தியவீடு நடந்த அதே அக்காதான். இப்போது அவவுக்கே இரண்டு பிள்ளைகள். கையில் ஒரு புதுப் படிவம், முழுக்க ஆங்கிலம். "இதில எவ்வளவு வட்டி எண்டு ஒருக்காப் பார்த்துச் சொல்லுங்கோ" என்றா. நாங்கள் மூன்று பேரும் திரும்ப நிலத்தில் இருந்தோம். இந்த முறை கணக்குக்கு அரை மணித்தியாலம் செல்லவில்லை. எடுக்காதீங்கோ என்று சொல்ல எங்களுக்கு வாய் வரவில்லை. எடுக்காவிட்டால் வேறு என்ன வழி என்று எங்களுக்கும் தெரியாது. மூன்று கேள்விகளை ஒரு கொப்பி ஒற்றையில் எழுதிக் கொடுத்தோம்: எல்லாம் சேர்த்து வருடத்துக்கு எத்தனை வீதம்? தமிழில் படிவம் எங்கே? உங்கட கம்பனியின் பெயர் மத்திய வங்கிப் பட்டியலில் இருக்கிறதா?

"நான் தனியக் கேட்டா பேசுவாங்கள்" என்றா அக்கா.

அரிசிச் சுளகை வைத்துவிட்டு அம்மா எழும்பி வந்து அந்த ஒற்றையை வாங்கிப் பார்த்தா. "தனியக் கேக்காத. அஞ்சு பேரும் சேர்ந்து கேளுங்கோ" என்றா.

அந்தச் செவ்வாய் ஐந்து பேரும் சேர்ந்து கேட்டார்களாம். வந்தவர் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, தமிழ்ப் படிவம் அடுத்த கிழமை கொண்டு வாறன் என்று சொல்லிவிட்டுப் போனாராம். கையெழுத்தை அதுவரைக்கும் ஒருத்தரும் வைக்கவில்லை. அடுத்த செவ்வாய் இன்னும் வரவில்லை.