நாதம் சுமக்கும் கல்

மண்கும்பானிற் பிறந்த ஒருவன் கற்சிற்பத்தைத் தன் வாழ்க்கைத் தொழிலாக வரித்துக்கொண்டான் என்று கேட்டால், எங்கள் தீவின் இயல்பை அறிந்தவர்கள் வியப்படையவே செய்வார்கள். அல்லைப்பிட்டிக்கும் வேலணைக்கும் இடையில், மணல் கும்பி கும்பியாகக் குவிந்து, தீவை உவர்க்கடல் சூழ்ந்திருந்தும் அந்த மணலின் மடியில் நன்னீரைத் தேக்கி வைத்திருக்கும் அவ்வூரில், உளி பட்டதும் கணீரென்று மறுமொழி சொல்லத்தக்க கருங்கல் இயற்கையாகக் கிடைப்பதில்லை. யாழ்ப்பாணக் குடாநாடும் அதன் தீவுகளும் சுண்ணக்கற் படுகையின்மேல் அமைந்தவை. நம் முன்னோர் எழுப்பிய மதில்களும் மண்டபங்களும் பெரும்பாலும் முருகைக்கல்லாலும் சுண்ணச்சாந்தாலும் ஆனவை. ஆகவே வெள்ளைப்புற்றடிப் பிள்ளையார் கோயில் மணியோசையைக் கேட்டு வளர்ந்த எனக்கு, நாதம் என்பது வெண்கலத்தின் தனியுரிமை அன்று, கல்லுக்கும் அது உண்டு என்ற உண்மை, கடல் கடந்து மாமல்லபுரத்துச் சிற்பக்கூடத்தில் அமர்ந்த பிறகே தெரிய வந்தது.

கற்பனைக் கதைகளிலே ரீங்காரம் செய்யும் படிகக் கோபுரங்களைப் பற்றியும், அவற்றில் உறையும் அற்புத சக்திகளைப் பற்றியும் இளைஞர்கள் ஆவலோடு படிக்கிறார்கள். அவர்களுக்கு நான் சொல்ல விரும்புவது, அத்தகைய படிகத் தூண்கள் நம் கோயில்களிலே பல நூற்றாண்டுகளாக நின்றுகொண்டிருக்கின்றன என்பதே. கருங்கல்லின் புதிய உடைவை வெயிலிற் பிடித்துப் பார்ப்பவர்கள், பளிங்குபோன்ற குவார்ட்ஸ் படிகங்களும், பெல்ட்ஸ்பாரும், மின்னும் அப்பிரகமும் ஒன்றையொன்று இறுகத் தழுவிக் கிடப்பதைக் காணலாம். அந்தத் தழுவலில் விரிசல் இல்லாதவரையில், ஓரிடத்தில் விழுந்த தட்டு கல் முழுவதும் பரவி ஒலியாக வெளிப்படும். இடையே ஒரு மயிர்க்கீறல் ஓடியிருந்தாலும் ஓசை மழுங்கிவிடும்.

இதனாலேதான் எங்கள் தொழிலில் உளிக்கு முன்னே செவி வேலை செய்ய வேண்டும் என்பது விதி. வெண்கல மணிபோல் ஒலிப்பது ஆண்கல், தாளம்போல் ஒலிப்பது பெண்கல், ஓசையற்றது அலிக்கல் என்று சிற்ப சாஸ்திரம் வகுத்திருப்பதையும், தேவமூர்த்திக்கு முதலாவதையும் தேவியின் திருவுருவத்துக்கும் பீடத்துக்கும் இரண்டாவதையும் தெரிந்தெடுக்க வேண்டும் என்பதையும் என் ஆசான் முதலிற் போதித்தார். பாறையின் தலை, நடு, அடி என்று இடம் மாற்றி மாற்றிச் சிறு சுத்தியலால் தட்டி, ஓசை எங்கே தடைப்படுகிறதோ அங்கே தேரையோ கீறலோ இருக்கக்கூடும் என்று அவர் சுண்ணாம்பாற் குறியிடுவார். ஊசலாடும் மனத்தோடு தட்டுபவனுக்குக் கல் எதையும் சொல்லாது என்பது அவர் வாக்கு. அனுபவம் முதிர முதிர அதன் உண்மையை உணர்கிறேன்.

இந்தச் செவிக்கல்வி தன் உச்சத்தை எட்டிய இடங்கள் இசைத்தூண்கள். மதுரை மீனாட்சியம்மன் கோயிலில் இசைத்தூண் ஒவ்வொன்றும் 22 மெல்லிய தூண்களாக ஒரே கல்லிலிருந்து பிரிந்து நிற்கிறது. நெல்லையப்பர் கோயில் மணிமண்டபத்தில் நடுத்தூணைச் சுற்றிச் சிறு தூண்கள் 48 சூழ்ந்துள்ளன. சுசீந்திரத்திலும், ஆழ்வார்திருநகரியிலும், விஜயநகரப் பேரரசின் தலைநகராயிருந்த ஹம்பியின் விட்டலர் கோயிலிலும் இவற்றின் உறவினங்களைக் காணலாம். ஹம்பித் தூண்கள் உள்ளே பொள்ளலாக இருப்பதால் ஒலிக்கின்றன என்று பலர் நம்பி வந்தனர். கல்பாக்கத்து அணு ஆராய்ச்சி நிலைய அறிவியலாளர்கள் அவற்றைச் சேதப்படுத்தாமலே மீயொலிக் கருவிகளால் ஆராய்ந்து, அவை முற்றும் திண்மையானவை என்றும், வளைந்து அதிரும் அதிர்வினாலேயே ஒலிக்கின்றன என்றும் காட்டினார்கள்.

சிற்பியின் பார்வையில் இங்கேதான் பேரதிசயம் தொடங்குகிறது. ஒரே பருமனுள்ள தூணின் நீளம் இருமடங்கானால் அதன் அதிர்வெண் நான்கில் ஒன்றாகும். நீளம் மாறாமல் பருமன் பாதியானால் அதிர்வெண்ணும் பாதியாகும். வீணைக்காரர் பிரடையைத் திருகிச் சுருதியை ஏற்றவும் இறக்கவும் வல்லவர். மேலும் கீழும் தாய்க்கல்லோடு பிணைந்திருக்கும் சிறுதூணைச் செதுக்குகிறவனுக்கோ, நீளத்தைக் குறைக்க வழியில்லை. செதுக்கச் செதுக்கத் தூண் மெலியும், சுருதி இறங்கும். அளவு கடந்து இறங்கியதை மீண்டும் ஏற்றுவது அநேகமாக இயலாத காரியம். எனவே வேண்டிய சுரத்துக்குச் சற்று மேலே நின்று, ஒரு பொளிக்கு ஒருமுறை தட்டிக் கேட்டு, கேட்டபின் மீண்டும் பொளிந்து, சுரம் வந்து சேர்ந்த கணத்தில் கையை நிறுத்தத் தெரிந்திருக்க வேண்டும். ஒரு சிறுதூண் முறிந்தால், பல மாத உழைப்போடு முழுக்கல்லும் பாழாகும். பயிற்சிக்காகச் சிறு அளவில் இதை முயன்ற எனக்கு, ஒரே கல்லில் 48 தூண்களையும் பிசகின்றி நிறுத்திய அந்தப் பெயர் தெரியாத ஸ்தபதிகளின் பொறுமை வணக்கத்துக்குரியதாகவே தோன்றுகிறது.

கல்லில் மந்திரசக்தி உண்டா என்று ஊரவர் கேட்பதுண்டு. குவார்ட்ஸ் படிகத்தை அழுத்தினால் மின்னூட்டம் தோன்றும் என்பதைக் கியூரி சகோதரர்கள் 1880இல் கண்டறிந்தார்கள். இன்று நம் கைக்கடிகாரத்தில் விநாடிக்கு 32,768 முறை அதிர்ந்து காலத்தைக் காட்டுவதும் அதே படிகந்தான். இவை மெய்யான ஆற்றல்கள். ஆனால் ஒரு சிற்பியாக நான் கண்ட சக்தி வேறு: கேட்பதற்கு முன் வெட்டாதே என்ற ஒழுக்கத்தைக் கல் மனிதனுக்குக் கற்பிக்கிறது, அந்த ஒழுக்கம் கைவந்த தலைமுறையே பாறையைப் பாடவைத்தது.

மாமல்லபுரச் சிற்பிகளின் கைவண்ணத்தால் கருங்கற் கோயிலாகி 2022 ஜூலையிற் குடமுழுக்குக் கண்ட மன்னார்த் திருக்கேதீச்சரத்தைப் பார்த்தபின், எங்கள் பகுதிகளிலும் கருங்கல் திருப்பணியில் ஆர்வம் பெருகியிருக்கிறது. திருப்பணிச் சபையாருக்கு நான் விடுக்கும் வேண்டுகோள் இது: கும்பாபிஷேக நாளைக் குறித்துவிட்டுக் கல்லைத் தேடாதீர்கள், கல்லைத் தட்டிக் கேட்கச் சிற்பிக்கு வேண்டிய காலத்தைக் கொடுத்து, உங்கள் ஊர்ப் பிள்ளைகள் சிலரையும் அவரருகில் உட்கார வையுங்கள். தமிழகத்துக்கு யாத்திரை செல்லும் அன்பர்கள் இசைத்தூண்களை நாணயத்தாலும் சாவியாலும் தட்டிப் பார்க்காதிருக்க வேண்டும். ஓயாத தட்டுகள் கல்லின் படிகங்களை நொறுக்கக்கூடும். நொறுங்கிய கல்லுக்குச் சுருதியை மீட்டுக் கொடுக்கும் வித்தை எந்தச் சிற்பியிடமும் இல்லை.