விரலின் கனம்

எழுத்துகளை வல்லினம், மெல்லினம், இடையினம் என்று பகுத்துக்கொண்ட மொழி நம்முடையது. ஓர் ஒலி பிறக்க எவ்வளவு அழுத்தம் வேண்டும் என்பது நமக்கு இலக்கணத்தின் தொடக்கப் பாடம். இசையிலும் அந்தக் கவனம் இருந்திருக்கிறது. சிலப்பதிகாரத்தின் கானல்வரி, யாழ் நரம்பின்மேல் விரல் செய்யும் தொழிலை எட்டாகப் பிரித்துப் பெயரிடுகிறது. உந்தல், உருட்டல், அள்ளல் என்பன அவற்றுட் சில. ‘வாசித்தாள்’ என்ற ஒற்றைச் சொல் இளங்கோவுக்குப் போதவில்லை. மாதவி அந்த யாழை நன்கு சோதித்துப் பார்த்த பிறகே கோவலன் கையில் தருகிறாள் என்பதையும் நினைவில் கொள்ளவேண்டும். கருவியைத் தேர்வது வாசிப்பின் முதற்படி.

இவ்வளவு முன்னுரையும் ஒரு டிஜிட்டல் பியானோ வாங்கிய கதைக்காகத்தான். திருத்தணியில் இருந்துகொண்டு தமிழ் கற்பிக்கும் ஒருவனுக்கு பியானோவோடு என்ன தொடர்பு என்று நண்பர்கள் கேட்டார்கள். தொடர்பு என் மகள் வழியாக வந்தது.

பதினொன்றாம் வகுப்பு படிக்கும் அவள் ஆறாண்டுகளாக 61 கட்டைகள் கொண்ட கீபோர்டில் வாசித்து வந்தாள். அரக்கோணத்தில் அவளுக்குக் கற்பிக்கும் ஆசிரியை சென்ற ஆண்டு என்னை அழைத்து, “சார், இவளுக்கு நோட்ஸ் எல்லாம் வந்துடுச்சு. விரல்லதான் பலமில்ல. கனமான கட்டையில வாசிக்கலேன்னா இனிமே நான் சொல்லிக்கொடுக்க ஒண்ணுமில்ல” என்றார். லண்டன் டிரினிட்டி கல்லூரியின் தேர்வுகளில் பியானோவுக்கும் எலெக்ட்ரானிக் கீபோர்டுக்கும் தனித்தனிப் பாடத்திட்டங்கள் உண்டு. மகள் பியானோவுக்கு மாற விரும்பினாள்.

வீட்டில் இருந்த தொகை 60,000 ரூபாய். சுயநிதிப் பிரிவில் பணியாற்றும் எனக்கு அது இரண்டு மாதச் சம்பளத்திற்கும் மேல். பன்னிரண்டாம் வகுப்புப் பயிற்சிக்கென்று என் மனைவி சிறுகச் சிறுகச் சேர்த்தது. “காலேஜ் சேர்ந்தப்புறம் இதைத் தொடுவாளாங்க?” என்று அவர் கேட்டார். நியாயமான கேள்வி. என்னிடம் விடையில்லை.

‘கனமான கட்டை’ என்றால் என்ன என்பதை முதலில் விளங்கிக்கொள்ள முயன்றேன். ஹார்ப்சிகார்டு என்னும் பழைய ஐரோப்பியக் கருவியில் கட்டையை அழுத்தினால் ஒரு சிறு முள் நரம்பைச் சுண்டும். மெல்ல அழுத்தினாலும் ஓங்கி அழுத்தினாலும் ஒலியளவு ஏறத்தாழ ஒன்றுதான். 1700-ஆம் ஆண்டை ஒட்டி, பிளாரன்ஸ் நகரில் மெடிச்சி குடும்பத்தின் கருவிகளைப் பராமரித்துவந்த பார்த்தலோமியோ கிறிஸ்டோஃபொரி, சுண்டுவதற்குப் பதிலாகச் சிறு சுத்தியல் கொண்டு நரம்பை அடிக்கும் அமைப்பைச் செய்தார். விரலின் வேகம் ஒலியின் அளவாயிற்று. மெல்லவும் உரக்கவும் ஒலிப்பது என்ற பொருளில்தான் பியானோ–ஃபோர்ட்டே என்ற பெயர் அதற்கு வந்தது. அதன் ஒரு கட்டையை இறக்க ஏறத்தாழ 50 கிராம் எடை வேண்டும். தாழ்ந்த சுரங்களின் பக்கம் சற்றே கூடுதல், உயர்ந்த சுரங்களின் பக்கம் குறைவு.

டிஜிட்டல் பியானோவில் நரம்பு இல்லை. ஆனாலும் உள்ளே சுத்தியல் போன்ற எடைகளை வைத்திருக்கிறார்கள். அவை எதையும் அடிப்பதில்லை. விரலுக்கு எதிர்ப்புத் தருவது மட்டுமே அவற்றின் வேலை. கட்டையின் பாதையில் உள்ள உணரிகள், ஒரு புள்ளியிலிருந்து மறு புள்ளிக்கு அது இறங்கும் நேரத்தை அளந்து ஒலியின் அளவைத் தீர்மானிக்கின்றன. சாதாரணக் கீபோர்டிலும் இந்த அளவீடு இருக்கக்கூடும். ஆனால் அங்கே கட்டையைத் தாங்குவது வில் சுருள். எதிர்ப்பில்லாத இடத்தில் விரல் தன் வேகத்தை அறிவதில்லை.

சென்னை அண்ணா சாலையில், 1842-இல் தோன்றிய மியூசி மியூசிகல் போன்ற கடைகளில் கட்டைகளைத் தொட்டுப் பார்த்தோம். ‘ஸ்டேஜ் பியானோ’ என்று கண்டிப்பான பொருளில் சொல்லப்படுபவை மேடைக்கானவை. அவற்றுட் பலவற்றில் ஒலிபெருக்கியே இராது. யமஹாவின் சிபி88 அவ்வகை, எடை 18.6 கிலோ, விலை லட்சத்தைத் தாண்டும். ரோலண்டின் எஃப்பி-10, யமஹாவின் பி-145 போன்ற எளிய வகைகளிலும் எடைகொண்ட 88 கட்டைகள் உண்டு. ஒலிபெருக்கி உள்ளேயே இருக்கும். இரண்டும் 11, 12 கிலோ அளவில் இருந்தன.

ஆசிரியை சொல்லி அனுப்பிய சோதனைகள் இவை. ஒலியை முற்றிலும் குறைத்துவிட்டு வாசித்துக் கட்டையின் சத்தத்தை மட்டும் கேட்க வேண்டும். எவ்வளவு மெல்ல முடியுமோ அவ்வளவு மெல்ல ஒரே சுரத்தைப் பத்து முறை வாசிக்க வேண்டும். பத்தும் ஒத்து ஒலிக்கின்றனவா? பின்பு அதையே விரைவாக. கட்டை முழுதும் மேலெழும் முன்பே மீண்டும் அழுத்தினால் சுரம் விடுபடுகிறதா என்று பார்க்க வேண்டும். மூன்று உணரிகள் உள்ள கருவிகள் இதில் உதவுகின்றன. கறுப்புக் கட்டைகளுக்கிடையே, உட்புறத்தில் வெள்ளைக் கட்டையை அழுத்திப் பார்க்க வேண்டும். அங்கே அது எப்போதும் கடினமாக இருக்கும், எவ்வளவு என்பதே கேள்வி. இருநூறு ஒலிவகைகள் இருக்கின்றனவா என்பது கடைசிக் கேள்வியாகக்கூட இருக்க வேண்டியதில்லை. மகள் இவற்றையெல்லாம் செய்துவிட்டு மூன்று உணரிகள் கொண்ட எஃப்பி-10-ஐத் தேர்ந்தாள்.

வீட்டில் பெரிய எதிர்ப்பு என் தந்தையிடமிருந்து வந்தது. படித்திருவிழாவில், டிசம்பர் 31 அன்று, மலையின் 365 படிகளிலும் திருப்புகழ் பாடிச் செல்லும் குழுவொன்றில் அவர் பல்லாண்டு ஆர்மோனியம் வாசித்தவர். “ஏண்டா, இதுல தோடி வருமா?” என்றார். வராது. இரண்டு சுரங்களுக்கிடையே வழுக்கிச் செல்ல பியானோவில் வழியில்லை. இதே குற்றச்சாட்டின்பேரில்தான் அகில இந்திய வானொலி 1940-இல் ஆர்மோனியத்தை விலக்கிவைத்தது. 1971-இல்தான் அந்தத் தடை தளர்ந்தது. அதை நினைவூட்டியதும் அவர் சிரித்துவிட்டார். “எங்களைச் சொன்னதைத்தான் நான் இதைச் சொல்றேன்னு சொல்றே” என்றார்.

அப்போது மகள் ஒரு நொட்டுஸ்வரத்தை வாசித்தாள். முத்துசுவாமி தீட்சிதரின் முதல் கீர்த்தனை பிறந்த ஊர் எங்களுடையது என்று மரபு சொல்கிறது. அதே தீட்சிதர் ஐரோப்பிய மெட்டுகளுக்கு முப்பதுக்கும் மேற்பட்ட சாகித்தியங்களைச் செய்திருக்கிறார். இளமையில் மணலியில் வாழ்ந்தபோது அவர் கோட்டையின் பாண்டு இசையைக் கேட்டிருந்தார். கமகமற்ற அந்த இசையைத் தம் செவியிலிருந்து அவர் விலக்கவில்லை. அதைத் திருத்தவும் முயலவில்லை. அது எப்படி இருந்ததோ அப்படியே வைத்துக்கொண்டு தம் சொல்லைத் தந்தார். ஒரு கருவியிடம் அதனால் இயன்றதை மட்டும் கேட்பது பெரிய பண்பு என்றே எனக்குத் தோன்றுகிறது.

தந்தை எழுந்து வந்து ஒரு கட்டையை அழுத்திப் பார்த்தார். “இது திருப்பி அழுத்துதேடா” என்றார். நான் படித்த விளக்கங்கள் எதிலும் இவ்வளவு சுருக்கம் இல்லை.

பயிற்சிக் கட்டணத்தை இரண்டு தவணையாகச் செலுத்துவதென்று மனைவி முடிவு செய்தார். பத்தாண்டு கழித்தும் மகள் வாசிப்பாளா என்பதற்கு இப்போதும் என்னிடம் விடையில்லை. விடிகாலை ஐந்து மணிக்கு அவள் ஹெட்போன் அணிந்து பழகுகிறாள். இசை அவளுக்கு மட்டும் கேட்கிறது. எங்களுக்குக் கேட்பது கட்டைகள் இறங்கி ஏறும் மெல்லிய ஓசை. வல்லினம் எது, மெல்லினம் எது என்று அந்த ஓசையிலேயே இப்போது பிரித்தறிய முடிகிறது.