மூன்று முறை எழுதிய பெயர்

2000 நவம்பர் 7. வேலைக்காக அமெரிக்கா வந்த பிறகு நான் பார்த்த முதல் அதிபர் தேர்தல். நியூஜெர்சியில் நண்பர்கள் சேர்ந்து எடுத்திருந்த வீட்டில், தரையில் உட்கார்ந்து என்பிசி பார்த்துக்கொண்டிருந்தேன். வண்ண வரைபடங்களுக்கும் கணினிக் கணக்குகளுக்கும் நடுவே, உருண்டை முகத்துக்காரர் ஒருவர் சின்ன வெள்ளைப் பலகையைக் கையில் பிடித்துக்கொண்டு கூட்டிக் கழித்துக் காட்டினார். எங்கள் ஊர் மளிகைக்கடை அண்ணாச்சி சிட்டையில் கணக்குப் போடுவதுபோல் இருந்தது. வெற்றிக்குத் தேவையான 270 தேர்வாளர் வாக்குகள் எங்கிருந்து வரும் என்பது எனக்கு அன்றுதான் விளங்கியது. பலகையில் ஒரே பெயரை மூன்று முறை எழுதினார்: புளோரிடா. ஐந்து வாரம் இழுபறி நீடித்து, உச்ச நீதிமன்றம் வரை போய், 537 வாக்கு வித்தியாசத்தில் அந்த மாநிலம்தான் புஷ்ஷை அதிபராக்கியது.

பலகை பிடித்தவரின் பெயர் டிம் ரஸர்ட். அதன்பின் ஞாயிறு காலை என்றால் எனக்கு அவருடைய 'மீட் த பிரஸ்' நேர்காணல் நிகழ்ச்சிதான்.

பஃபலோ நகரத் துப்புரவுத் தொழிலாளியின் மகன். சட்டம் படித்தவர். செனட்டர் மொய்னிஹானிடமும் ஆளுநர் மரியோ குவோமோவிடமும் வேலை பார்த்துவிட்டு 1984இல் என்பிசியில் சேர்ந்தார். 1991 முதல் இறக்கும்வரை அந்த நிகழ்ச்சி அவர் பொறுப்பில் இருந்தது. அரசியல்வாதிகளோடு பழகியவர் அவர்களிடம் கறாராக இருப்பாரா என்று முதலில் சந்தேகப்பட்டேன். ஆனால், எதிரே இருப்பவர் எப்போதோ பேசியதைத் தேதியோடு திரையில் போட்டு வாசிப்பார். அன்று அப்படி, இன்று ஏன் இப்படி என்று கேட்டுவிட்டுப் பதிலுக்குக் காத்திருப்பார்.

அதைப் பார்க்கும்போதெல்லாம் அப்பாவின் டிரங்குப் பெட்டி நினைவுக்கு வரும். தேர்தல் வாக்குறுதிகள் வந்த செய்தித்தாள் துண்டுகளை அதில் அடுக்கி வைத்திருந்தார். அடுத்த முறை ஓட்டுக் கேட்டு வருபவரைத் திண்ணையில் உட்காரவைத்து, மோர் கொடுத்துவிட்டு, உரிய துண்டை எடுத்துக் காட்டுவார்.

ரஸர்ட்மீது குறையும் உண்டு. இராக் போருக்கு முன் துணை அதிபர் டிக் செய்னி அந்த நிகழ்ச்சியில் சொன்னவற்றை அவர் இன்னும் துருவியிருக்க வேண்டும் என்பார்கள். நானும் அப்படித்தான் நினைக்கிறேன். பழைய பேச்சு எங்காவது அச்சில் கிடைக்கும். உளவுத்துறைக் கோப்பு கிடைக்காது. அவருடைய முறைக்கு எல்லை அங்கே இருந்தது. அந்த எல்லைக்கு ஒரு தேசம் பெரிய விலை கொடுத்தது.

2008 ஜூன் 13, வெள்ளிக்கிழமை. ஞாயிறு நிகழ்ச்சிக்காக வாஷிங்டன் அலுவலகத்தில் வேலை செய்துகொண்டிருந்தபோதே ரஸர்ட் மாரடைப்பில் இறந்தார். வயது 58. மறுநாள் ஊருக்குப் போன் செய்தபோது அப்பாவிடம் சொன்னேன். அவர் ரஸர்ட்டைப் பார்த்ததே இல்லை. நான் சொல்லிக் கேட்டதோடு சரி. கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு கேட்டார்:

"அவர் சேத்து வச்சதையெல்லாம் இனிமே யாருப்பா எடுத்துப் படிப்பாங்க?"