82 வயசு வரைக்கும் ஈஎம்ஐ

1)
இது மருத்துவப் பதிவு இல்ல. ஆனா ராத்திரி தூக்கம் வரலைன்னு, பிபி ஏறிப்போய் என்கிட்ட வர்றவங்க கிட்ட கொஞ்சம் பேச்சுக் கொடுத்தா, பல நேரம் கடைசியில ஒரு ஹவுசிங் லோன்ல வந்து நிக்குது. எனக்கும் லோன் இருக்கு. அதுல நான் பண்ணின தப்பையும் அதைத் திருத்தின விதத்தையும் சொல்றேன். கொஞ்சம் நீளம், பொறுமையா படிங்க.

2)
2023 ஏப்ரல் முதல் வாரம். ஓபி முடிஞ்சு டீ குடிச்சிட்டு இருந்தேன். எங்க வார்டு சிஸ்டர் ஒருத்தர் கையில பேங்க் ஸ்டேட்மென்ட்டோட வந்தார்.

"சார், 18 லட்சம் லோன். அஞ்சு வருஷமா மாசம் தவறாம 15,621 கட்டறேன். ஒன்பது லட்சத்துக்கு மேல கட்டியாச்சு. இன்னும் 15 லட்சத்து 86 ஆயிரம் பாக்கின்னு போட்டிருக்கு. ஏமாத்தறாங்களா சார்?"

3)
ஏமாத்தல. கணக்கே அப்படித்தான். 18 லட்சத்துக்கு எட்டரை பர்சென்ட்னா, முதல் மாச வட்டி மட்டும் 12,750 ரூபாய். கட்டற 15,621-ல வட்டி போக அசலுக்குப் போறது 2,871 தான். அடுத்த மாசம் அசல் அந்த 2,871 குறைஞ்சிருக்கும், அதனால வட்டி ஒரு 20 ரூபாய் குறையும். இப்படி எறும்பு ஊர்ற மாதிரிதான் ஆரம்ப வருஷங்கள் போகும். 20 வருஷ லோன்ல முதல் பாதியில நாம கட்டறதுல பெரும்பங்கு வட்டிக்குத்தான்.

4)
இதையெல்லாம் பேப்பர்ல எழுதி, பெரிய நிபுணர் மாதிரி விளக்கினேன். சிஸ்டர் கேட்டுட்டு, சாதாரணமா ஒரு கேள்வி கேட்டார்:

"உங்க லோன் எவ்வளவு சார் பாக்கி இருக்கு?"

எனக்குத் தெரியல. ரெண்டு வருஷமா ஒரு தடவைகூட நான் அந்த ஸ்டேட்மென்ட்டைத் திறந்து பார்க்கல.

5)
சுகர் பேஷன்ட் "நல்லாத்தான் இருக்கேன் டாக்டர், எந்தத் தொந்தரவும் இல்ல"ன்னு சொன்னா, "தொந்தரவு இல்லைங்கறது கணக்கு இல்லம்மா, ஹெச்பிஏ1சி எடுத்துட்டு வாங்க"ன்னு சொல்ற ஆள் நான். ஆனா என் லோன்ல, மாசம் 10-ந் தேதி பணம் போகுது, செக் திரும்பல, அதனால நல்லாத்தான் இருக்குன்னு இருந்துட்டேன்.

6)
அன்னிக்கு ராத்திரி உட்கார்ந்து பார்த்தேன். 2021 ஜனவரியில எடுத்தது. 40 லட்சம், 20 வருஷம், 7 பர்சென்ட், ஈஎம்ஐ 31,012. அப்போ எனக்கு 39 வயசு. 59-ல முடிஞ்சிடும், ரிட்டயர் ஆகும்போது கடன் இருக்காதுன்னு கணக்கு போட்டு எடுத்தது. அது முழுக்க 7 பர்சென்ட்லயே போயிருந்தாலும், மொத்தம் 74 லட்சத்து 43 ஆயிரம் கட்டியிருப்பேன். அதாவது வட்டி மட்டும் 34 லட்சத்து 43 ஆயிரம்.

7)
ஆனா அது 7-லயே நிக்கல. 2022 மே மாசத்துல இருந்து 2023 பிப்ரவரிக்குள்ள ரிசர்வ் வங்கி ரெப்போ வட்டியை 4-ல இருந்து 6.5 பர்சென்ட்டுக்கு ஏத்தினது. என் லோன் ரெப்போவோட இணைச்ச ஃப்ளோட்டிங் லோன். அங்க ரெண்டரை ஏறினா இங்கயும் ரெண்டரை. 7 பர்சென்ட் 9.5 ஆயிடுச்சு. ஈஎம்ஐ மட்டும் அதே 31,012. அதனால எனக்கு எதுவும் உறைக்கல.

8)
ஸ்டேட்மென்ட்டில் இருந்தது இதுதான். 26 தவணை கட்டியிருந்தேன், 8 லட்சத்து 6 ஆயிரம். அசல் குறைஞ்சது 1 லட்சத்து 65 ஆயிரம். பாக்கி 38 லட்சத்து 34 ஆயிரத்துச் சொச்சம். அதுக்குப் புது வட்டி மாசம் 30,357. நான் கட்டறது 31,012.

அசலுக்குப் போறது 655 ரூபாய்.

9)
அந்த வீட்டுக்காக ஒரு தனியார் ஆஸ்பத்திரியில கூடுதலா நைட் டூட்டி பார்த்துட்டு இருந்தேன். ஒரு நைட்டுக்கு 3,000 ரூபாய். அப்போ மாசம் பத்து ராத்திரி முழுசா வட்டிக்கு மட்டும் போயிட்டு இருந்திருக்கு. அசலுக்குப் போன 655 ரூபாய் வீட்டோட ஒரு நாள் ஹோட்டலுக்குப் போனா வர்ற பில். என் பொண்ணு தூங்கினப்புறம் கிளம்பி, அவ ஸ்கூலுக்குப் போனப்புறம் வீடு வந்த அத்தனை ராத்திரியும் ஞாபகம் வந்தது.

10)
ஈஎம்ஐ கால்குலேட்டர்ல போட்டேன். இதே வட்டி, இதே ஈஎம்ஐ, எத்தனை மாசம்? 489 மாசம். தப்பா போட்டுட்டேன்னு நினைச்சு மூணு தடவை போட்டேன். 489 தான். நாற்பது வருஷத்துக்கும் மேல. கடன் முடியும்போது எனக்கு 82 வயசு. மொத்தமா கட்டப்போறது இனிமேல் மட்டும் ஒன்றரைக் கோடிக்கு மேல.

என் மனைவியை எழுப்பிக் காட்டினேன். ரொம்ப நேரம் பார்த்துட்டு, "என்னங்க, நாம வீடு வாங்கியிருக்கோமா, வாடகைக்கு இருக்கோமா?"ன்னு கேட்டா.

11)
மறுநாள் பேங்குக்குப் போனேன். அதிகாரி நல்லவிதமா பேசினார். "வட்டி ஏறினா முதல்ல தவணைக் காலத்தைத்தான் நீட்டுவோம் சார். ரொம்ப நீண்டா, ஒரு கட்டத்துல ஈஎம்ஐயை ஏத்திடுவோம். எஸ்எம்எஸ் வந்திருக்குமே"ன்னார். வந்திருந்தது. ஓடிபிக்கும் ஆஃபர் மெசேஜுக்கும் நடுவுல கிடந்தது. நான்தான் படிக்கல.

12)
பழைய கணக்குப்படி மிச்சம் இருக்கிற 214 மாசத்துலயே முடிக்கணும்னா ஈஎம்ஐ எவ்வளவுன்னு கேட்டேன். 37,246.

அதாவது மாசம் 6,234 ரூபாய் கூடுதலா கட்டினா, 489 மாசம் 214 ஆகுது. ஒன்றரைக் கோடிக்கு மேல கட்ட வேண்டியது 80 லட்சத்துக்குள்ள வருது. அங்கேயே எழுதிக் கொடுத்துட்டு வந்தேன். வாங்கலாம்னு இருந்த கார் தள்ளிப் போச்சு. பழைய வண்டி இன்னும் ஓடுது.

13)
அப்புறம் பார்ட் பேமென்ட். அதே வட்டியில, அந்தச் சமயத்துல 1 லட்சம் அசல்ல கட்டினா கிட்டத்தட்ட 14 தவணை குறையுது. 14 தவணைன்னா 5 லட்சத்துக்கு மேல. ஆரம்ப வருஷத்துல கட்டற ஒரு லட்சத்துக்கு இருக்கிற பலம் கடைசி வருஷத்துல கட்டற ஒரு லட்சத்துக்கு இல்ல. தனிநபர்களோட ஃப்ளோட்டிங் ஹவுசிங் லோனுக்கு, முன்கூட்டியே கட்டினா பேங்க் அபராதம் போடக்கூடாதுன்னு ரிசர்வ் வங்கி 2012-லயே சொல்லிடுச்சு. கட்டும்போது "ஈஎம்ஐயைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறைங்க"ன்னு எழுத்துல கொடுங்க.

14)
இன்னொண்ணும் அன்னிக்குத்தான் தெரிஞ்சது. நான் 40 லட்சம் லோன்னு நினைச்சதுல வீட்டுக்குப் போனது 38.5 லட்சம். ஒன்றரை லட்சம் லோனோட சேர்த்துக் கொடுத்த இன்சூரன்ஸ் பிரீமியம். கையெழுத்து போடற அவசரத்துல "இதுவும் சேர்ந்ததுதான் சார்"னாங்க, போட்டுட்டேன். அந்த ஒன்றரை லட்சத்துக்கும் 20 வருஷம் வட்டி. 7 பர்சென்ட்லயே அது 2 லட்சத்து 79 ஆயிரம் ஆகுது. லோன் வாங்க அந்த இன்சூரன்ஸ் சட்டப்படி கட்டாயம் இல்ல. கடன் இருக்கிறவங்களுக்கு ஆயுள் காப்பீடு அவசியம்தான். ஆனா தனியா ஒரு டேர்ம் பாலிசி எடுத்து விலையை ஒப்பிட்டுப் பார்க்கற உரிமை நமக்கு இருக்கு. பிராசஸிங் ஃபீஸ், லீகல் ஃபீஸ், எம்ஓடி பதிவுச் செலவு எல்லாம் இதுக்கு மேல.

15)
"டாக்ஸ் மிச்சம் ஆகுதே டாக்டர், லோன் இருக்கட்டுமே"ன்னு பல பேர் சொல்வாங்க. கணக்கு பாருங்க. பழைய வரிமுறையில, நாம குடியிருக்கிற வீட்டுக்கு வருஷம் 2 லட்சம் வட்டி வரைக்கும் கழிவு. 30 பர்சென்ட் வரி கட்டறவங்களுக்கு அதுல மிச்சம் 62,400. எனக்கு வருஷ வட்டி மூணரை லட்சத்துக்கு மேல. அசலுக்கு 80சி-ல கொஞ்சம் வரும், ஆனா அது பிஎஃப்-லயே நிரம்பிடுது. புது வரிமுறையில குடியிருக்கிற வீட்டு வட்டிக்குக் கழிவே கிடையாது. 62,400 மிச்சம் பிடிக்க மூணரை லட்சம் கட்டறது லாபம் இல்ல.

16)
நியாயமா இன்னொரு பக்கத்தையும் சொல்லணும். 2040-ல கட்டப்போற 37,000 ரூபாய்க்கு இன்னிக்கு இருக்கிற மதிப்பு இருக்காது. சம்பளமும் ஏறும். வாடகையும் மிச்சம். அதனால மொத்த வட்டியை மட்டும் பார்த்துட்டு "வீடே வாங்காதீங்க"ன்னு நான் சொல்ல மாட்டேன். பேங்க் மேலயும் கோபம் இல்ல. சொல்றது ஒண்ணுதான்: வீட்டோட விலை பத்திரத்துல இருக்கிற விலை இல்ல, ஈஎம்ஐயும் இல்ல. எத்தனை வருஷம் கட்டறோங்கறதுதான் அந்த விலையைத் தீர்மானிக்குது.

17)
டாக்டரா ஒரு எச்சரிக்கை. இதைப் படிச்சிட்டு கையில இருக்கிறதை எல்லாம் வழிச்சு லோன்ல போட்டுடாதீங்க. கடனை அடைச்சிட்டோம்னு சந்தோஷமா இருந்து, அடுத்த மாசம் அப்பாவுக்கு ஹார்ட் அட்டாக்னு வந்து, பில்லிங் கவுன்ட்டர்ல நின்னுகிட்டு ரெண்டு வட்டிக்குப் பணம் கேட்டு போன் பண்றவங்களை நான் பார்த்திருக்கேன். ரெண்டு வட்டின்னா வருஷத்துக்கு 24 பர்சென்ட். 9 பர்சென்ட் கடனை அடைச்சிட்டு 24 பர்சென்ட்ல கடன் வாங்கறது வைத்தியம் இல்ல.

முதல்ல ஆறு மாசச் செலவுக்குக் கையில பணம், குடும்பத்துக்கு மெடிக்கல் இன்சூரன்ஸ். அடுத்து கிரெடிட் கார்டு, பர்சனல் லோன் இருந்தா அதை முடிங்க. அதுக்கப்புறம்தான் ஹவுசிங் லோன் பார்ட் பேமென்ட்.

18)
என்னை மாதிரி நிறைய பேருக்கு இப்படி நீண்டதாலயோ என்னவோ, 2023 ஆகஸ்ட்ல ரிசர்வ் வங்கி ஒரு உத்தரவு போட்டது. வட்டி மாறும்போது ஈஎம்ஐ ஏறணுமா, காலம் நீளணுமா, ரெண்டும் கொஞ்சம் கொஞ்சமாவான்னு கடன் வாங்கினவங்களுக்குத் தேர்வு கொடுக்கணும். மூணு மாசத்துக்கு ஒரு தடவை ஸ்டேட்மென்ட்டும் கிடைக்கணும்: இதுவரை எவ்வளவு அசல், எவ்வளவு வட்டி கட்டியிருக்கோம், இன்னும் எத்தனை தவணை பாக்கி. கேட்டா கொடுத்தாகணும். கேளுங்க.

19)
2025-ல ரெப்போ இறங்க ஆரம்பிச்சு டிசம்பர்ல 5.25-க்கு வந்தது. என் வட்டி இப்போ 8.25. ஈஎம்ஐயைக் குறைச்சுக்கலாம்தான். குறைக்கல. அதே 37,246. நடுவுல ரெண்டு தடவை ஒரு லட்சம் ஒரு லட்சமா கட்டினோம். இப்போ பாக்கி 33 லட்சத்து 31 ஆயிரம். இதே வட்டி நீடிச்சா இன்னும் சுமார் 140 மாசம். 2037-ல முடியும். 82-ல முடிய வேண்டியது 56 வயசுக்குள்ள.

நைட் டூட்டி இப்போ மாசம் நாலுதான்.

20)
அந்த சிஸ்டர் என்ன பண்ணினார்னு கேப்பீங்க. மாசம் 2,000 ரூபாய் கூட்டிக் கட்ட ஆரம்பிச்சார். அவர் கணக்குப்படி மூணு வருஷம் முன்னாடியே முடிஞ்சிடும். போன மாசம் வார்டுல பார்த்தப்போ, "சார், இந்த மூணு மாச ஸ்டேட்மென்ட் பார்த்தீங்களா?"ன்னு என்னைக் கேட்டார். பார்த்துட்டேன் சிஸ்டர்னு தைரியமா சொன்னேன்.

21)
நீங்க செய்ய வேண்டியது பத்து நிமிஷ வேலை. பேங்க் ஆப்பைத் திறங்க. மூணு எண்ணை எழுதுங்க: பாக்கி அசல், இப்போதைய வட்டி, மிச்சத் தவணை. அதே பேங்க்ல புதுசா லோன் வாங்கறவங்களுக்கு என்ன வட்டின்னும் பாருங்க. உங்களோடதைவிடக் குறைவா இருந்தா, குறைக்கச் சொல்லி எழுதிக் கொடுங்க. சின்னக் கட்டணம் கேட்பாங்க, பெரும்பாலும் அது சில மாசத்துலயே திரும்ப வந்துடும்.

கடைசியா, லோன் முடியற அன்னிக்கு உங்க வயசு என்னன்னு அந்தப் பேப்பர்லயே எழுதி, வீட்ல இருக்கிறவங்ககிட்ட காட்டுங்க. அதுக்கப்புறம் என்ன செய்யணும்னு யாரும் சொல்லித் தர வேண்டியிருக்காது.

லோன் வச்சிருக்கிற ஒருத்தருக்காவது இதை அனுப்புங்க.